வூஸ்டர் மூளி

ஒட்டிய இடம் தெரியவே இல்லை. மீனாம்பாளின் பெருமையெல்லாம் அதில்தான்.

வியாழக்கிழமை மாலை வேலை முடிந்து வந்த நிரூபா, சிட்னியின் ஹோம்புஷ் பகுதியிலிருந்த ஃபிளாட்டின் கதவைத் திறந்து செருப்பைக் கழற்றுவதற்குள் மாமியார் எதிரே வந்து நின்றார். சேலத்திலிருந்து வந்து ஆறு வாரம் ஆகிறது. இந்த ஆறு வாரத்தில் அவரை இத்தனை சந்தோஷமாக நிரூபா பார்த்ததில்லை.

"கண்ணை மூடு. ம்... இப்பத் திற. எங்க மூளின்னு கண்டுபிடி பார்ப்போம்!"

நீட்டிய உள்ளங்கையில் நிரூபாவின் பால் ஜாடி இருந்தது.

ஒரு கைக்குள் அடங்குகிற ஜாடி. குருவி அலகு போலக் கூரான மூக்கு. உடம்பு முழுக்க மீன் செதிலை அடுக்கினாற்போல அடர் நீலம். நீலத்தின் நடுவே வெள்ளைச் சன்னல்கள், சன்னலுக்குள் எந்த நாட்டிலும் பறக்காத நீண்ட வால் பறவைகள். அடியில் சீன முத்திரை மாதிரி ஒரு சதுரம். அதற்குள் இருப்பது எழுத்தல்ல, எழுத்து மாதிரி கோடுகள். சீன எழுத்து தெரியாத ஓர் ஆங்கிலேயன் இருநூற்றைம்பது வருடத்துக்கு முன் போட்ட கோடுகள் என்று நிரூபா நம்பினாள்.

அந்த மூக்கின் பக்கத்தில், விளிம்பில், சுண்டுவிரல் நகமளவுக்கு ஒரு சில்லு பெயர்ந்திருந்தது. இன்று காலை வரை அந்த மூளி இருந்தது. இப்போது இல்லை.

"என்ன மாமி செய்தனீங்கள்?" என்றாள் நிரூபா.

"எம்-சீல்! குழாய் ஒழுகினா அடைப்போமே, அது. வெளிநாட்டுல எந்தக் குழாய் எப்ப ஒழுகும்னு யாருக்குத் தெரியும்னு பெட்டியில ரெண்டு பாக்கெட் போட்டுட்டு வந்தேன். நீங்க ரெண்டு பேரும் காலையில கிளம்பினதும் உக்காந்துட்டேன். பிசைஞ்சு அப்பி, மதியம் காஞ்சதும் உப்புத்தாள் போட்டுத் தேய்ச்சு..." மீனாம்பாள் ஜாடியை விளக்குப் பக்கம் திருப்பிக் காட்டினார். "அந்த நீலத்துக்குத்தான் திண்டாடினேன். உன் அலமாரியில நகப்பூச்சு இருந்துச்சு பாரு, அப்படியே பொருந்திப் போச்சு. கல்யாணத்துக்குக்கூட நீ அந்தக் கலர் போட்டதில்லை, வீணாத்தானே கிடந்துச்சு?"

நிரூபா ஜாடியை வாங்கி விரலால் விளிம்பைத் தடவினாள். வேலை சுத்தம். அதுதான் கொடுமை.

"வடிவா இருக்கு, மாமி," என்று சொல்லிவிட்டு, கைப்பையைக்கூட வைக்காமல் கதிரையில் உட்கார்ந்தாள்.

அவள் அழவில்லை என்றாலும் மீனாம்பாளுக்கு ஏதோ புரிந்தது. சிரிப்பு மெல்ல இறங்கியது.

நிரூபாவின் அலமாரியில் முப்பத்தாறு பீங்கான்கள் இருந்தன. எல்லாம் ஆங்கிலேயத் தொழிற்சாலைகளின் ஆரம்ப காலத்தவை, எல்லாம் உடைந்தவை. மூடி இல்லாத தேநீர்க் கூஜா, கைப்பிடி போன கோப்பை, விரிசல் ஓடிய தட்டு. பல்கலைக்கழகத்தில் படிக்கும்போது வார இறுதிகளில் பழைய பொருட்களை விற்கும் ஓர் ஆப் ஷாப்பில் சாமான் பிரித்துப் போடும் வேலை அவளுக்கு. குப்பைக்குப் போகவிருந்த பாதித் தட்டு ஒன்றை எடுத்து உடைந்த பக்கத்தைப் பார்த்தாள். மேலே கண்ணாடி போன்ற பூச்சு, உள்ளே வேறொரு பொருள். அந்தத் தட்டு அவளோடு வீட்டுக்கு வந்தது.

இப்போது அவள் வேலை ஆஸ்பத்திரிச் சோதனைக்கூடத்தில். நோயாளிகளின் திசுவை மெல்லியதாகச் சீவி, வெட்டுமுகத்தைக் கண்ணாடிச் சில்லில் வைத்து நுண்ணோக்கியில் பார்ப்பாள். முழுசாக இருப்பது எதையும் சொல்லாது, வெட்டிய முகம்தான் பேசும் என்பது அவள் தினமும் பார்க்கிற விஷயம். பீங்கானும் அப்படியே. முழுதாக இருப்பதைப் பணக்காரர்கள் வாங்கட்டும், நான் படிக்கத்தான் வாங்குகிறேன் என்பாள். கணவன் சுதர்சன் அவளைக் காதலித்ததும் அப்படி ஒரு கடையில்தான். முதல் தடவை வெளியே கூட்டிப்போன பெண், காபி ஆறிப்போவதுகூடத் தெரியாமல் ஒரு உடைந்த கிண்ணத்துக்குள் டார்ச் அடித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். 'இவளுக்கு ஒரு பொருளை விட்டுக்கொடுக்கத் தெரியாது' என்று நினைத்தான். அது சரியாகவே இருந்தது.

இந்த ஜாடி போன வருடம் பென்ரித் பக்கம் ஓர் ஆப் ஷாப்பில் கிடைத்தது. வூஸ்டர் நகரத்துத் தொழிற்சாலை, 1770 வாக்கில் செய்தது என்று பார்த்த கணத்திலேயே அவளுக்குத் தோன்றியது. போன மாதம், அவள் சேர்ந்திருக்கும் சிட்னி பீங்கான் வட்டத்துக்குப் படங்களை அனுப்பினாள். வட்டத்துக்கு இது ஐம்பதாவது வருடம். பெரிய கண்காட்சி வைக்கப்போகிறார்கள். ஒவ்வொருவரிடமிருந்தும் ஒரு பொருள் அதில் இடம்பெறும். நாற்பது வருடமாக வட்டத்தில் இருப்பவர் கிரேம், ஓய்வு பெற்ற பல் வைத்தியர்; கண்காட்சிப் பட்டியல் போடுகிறவரும் அவரே. அவர் எல்லாருக்கும் பதில் எழுதினார்: 'அழகான ஜாடி. ஆனால் பாரிஸ் நகல், நூறு வருடம் பிந்தியது. மாதம் ஒன்றாவது இப்படி வருகிறது. உள்ளே விளக்கடித்தால் வூஸ்டர் பச்சையாகத் தெரியும்தான்; ஆனால் ஆசைப்படுகிறவர் கண்ணுக்கு அந்தப் பச்சை எதிலும் தெரியும்.'

நிரூபாவும் எல்லாருக்குமே பதில் எழுதினாள்: 'சனிக்கிழமை கூட்டத்துக்குக் கொண்டு வருகிறேன். உடைந்த முகத்தை நீங்களே பாருங்கள்.'

பாரிஸ் நகல் கெட்டிப் பீங்கான். உடைந்தால் கண்ணாடித் துண்டு மாதிரி பளபளக்கும். வூஸ்டர் உடைந்தால் பளபளக்காது, நொறுக்கிய சர்க்கரை மாதிரி மங்கலாக இருக்கும். அதைப் பார்த்தால் கிரேம் மறுக்க முடியாது. அந்த ஒரு முகத்தைத்தான் மீனாம்பாள் எம்-சீல் வைத்து அப்பியிருந்தார்.

சுதர்சன் வந்ததும் நிரூபா ஆங்கிலத்தில் வேகமாகச் சொன்னாள். அவன் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தான்.

"ஏம்மா, கேட்டுட்டுச் செய்யக் கூடாதா?"

"எதுக்குடா கேக்கணும்? மூளிப் பாத்திரம் வீட்டுல இருக்கக் கூடாதுன்னு உனக்குத் தெரியாதா? வந்த நாள்லேருந்து பாக்கறேன், ஓர் அலமாரி முழுக்க மூளி. ஒரு வார்த்தை சொன்னேனா? உன் பொண்டாட்டி ஆசைப்பட்டு வச்சிருக்கான்னு வாயை மூடிட்டு இருந்தேன்." மீனாம்பாளின் கண் கலங்கியது. "சனிக்கிழமை அதை வெள்ளைக்காரங்க நடுவுல கொண்டுபோய் வைக்கப் போறாள்னு நீதானே சொன்னே? எல்லாரும் முழுசாக் கொண்டு வருவாங்க. என் மருமக மட்டும் மூளியை வச்சுக்கிட்டு நிக்கணுமா? அதான் செஞ்சேன்."

நிரூபா நிமிர்ந்தாள். கோபப்பட ஒரு வழி இருந்தது. அதுவும் போய்விட்டது.

"மாமி, நான் கோவிக்கேல்லை. ஆனால் அந்த உடைஞ்ச இடம்தான் எனக்கு வேணும். அதுதான் என்ரை சாட்சி."

"உடைஞ்சது எப்படிம்மா சாட்சி ஆகும்?"

நிரூபா பசிக்கவில்லை என்று சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டாள்.

வெள்ளிக்கிழமை சோதனைக்கூடத்திலிருந்து சீக்கிரம் வந்து, நகப்பூச்சு அழிக்கும் அசிட்டோனைப் பஞ்சில் தோய்த்து ஒற்றி ஒற்றி எடுத்தாள். நீலம் போயிற்று. கீழே இருந்த சாம்பல் நிறக் கட்டி கல்லாக நின்றது. சுரண்டினால் பூச்சில் கீறல் விழும். வெந்நீரில் போட்டால் இளகும் என்று அவளுக்குத் தெரியும். ஆனால் இருநூற்றைம்பது வருடப் பீங்கானைச் சூடாக்க மனசு வரவில்லை.

"பேசாம டார்ச் மட்டும் அடிச்சுக் காட்டேன், நிரு," என்றான் சுதர்சன்.

"கிரேம் என்ன சொல்லுவார் தெரியுமே? ஒட்டினதைக் கொண்டு வந்து உண்மையெண்டு சொல்றாள் எண்டுவார். அவையளுக்கு இதைவிடப் பெரிய குற்றம் இல்லை. உடைஞ்சதை மன்னிப்பினம், மறைச்சதை மன்னிக்க மாட்டினம்."

"அப்ப போகாதே. வேற கூட்டத்துல பாத்துக்கலாம்."

"கண்காட்சிப் பட்டியலை நாளைக்கு மூடுகினம். வாறன் எண்டு எல்லாருக்கும் எழுதினது நான். போகத்தான் வேணும்."

சமையலறை வாசலில் மீனாம்பாள் நின்றுகொண்டிருந்தார். "நானும் வர்றேன்," என்றார்.

"அம்மா, அங்க எல்லாம் இங்கிலீஷ்ல பேசுவாங்க. உனக்குப் போரடிக்கும். மேய்ஸ் ஹில் கோயில்ல இறக்கி விடறேன், சாயங்காலம் வந்து கூட்டிட்டுப் போறேன்."

"முருகன் எங்கயும் போக மாட்டான். ஒட்டினது யாருன்னு கேட்டா இவ என்ன சொல்லுவா? நான்தான்னு நானே சொல்லணும்ல?"

சனிக்கிழமை மதியம் லேன் கோவ் பகுதியில் வட்டம் கூடும் சமூகக் கூடத்தில் இருபது பேர் இருந்தார்கள். நீள மேசைகளில் பச்சை விரிப்பு. அதன் மேல் முழுமையான, குறையே இல்லாத தட்டுகளும் கோப்பைகளும். மீனாம்பாள் மாம்பழ நிறப் பட்டுப்புடவையில், நேராக முதல் வரிசைக் கதிரையில் போய் உட்கார்ந்தார். பக்கத்திலிருந்த வெள்ளைக்காரப் பெண்மணி புடவையைப் புகழ்ந்தபோது, "சேலம் சில்க்," என்று திருத்தமாகச் சொன்னார்.

நிரூபாவின் முறை வந்தது. ஜாடியைத் துணியிலிருந்து பிரித்து மேசையில் வைத்தாள். வாய்ப் பக்கத்தில் சாம்பல் நிறத்தில் அந்தத் திட்டு எல்லார் கண்ணிலும் பட்டது. கூட்டம் கொஞ்சம் அசைந்தது.

"உடைந்த முகத்தைக் காட்டுவதாகச் சொல்லியிருந்தேன்," என்றாள் ஆங்கிலத்தில். "முடியவில்லை. வியாழக்கிழமை வீட்டில் அடைத்துவிட்டார்கள். நல்ல எண்ணத்தில் செய்தது. மறைக்க எனக்கு விருப்பமில்லை, அதனால் அப்படியே கொண்டு வந்திருக்கிறேன்."

மீனாம்பாள் எழுந்து நின்றார். தன் நெஞ்சைத் தொட்டு, "ஐ. ஐ டூ," என்றார். "ஷீ நோ. ஐ."

யாரோ சிரிப்பை அடக்கினார்கள். கிரேம் சிரிக்கவில்லை. ஜாடியைக் கையில் எடுத்து, விரல் நகத்தால் அந்தத் திட்டைத் தட்டிப் பார்த்தார்.

"ரொம்ப நேர்த்தியான வேலை," என்றார் மீனாம்பாளைப் பார்த்து. "முப்பது வருடம் பல் அடைத்தவன் சொல்கிறேன்." பிறகு நிரூபாவிடம் திரும்பினார். "ஆனால் என்னால் ஒன்றும் சொல்ல முடியாது. பார்க்க வேண்டிய இடம் மூடியிருக்கிறது. பட்டியலை இன்று முடிக்க வேண்டும். வருத்தமாக இருக்கிறது, நிரூபா."

"மற்ற அடையாளங்களைச் சொல்லட்டுமா?"

"சொல்லுங்கள்."

நிரூபா சொன்னாள். வூஸ்டர் எப்படி மற்றவர்களை முந்தியது என்று தொடங்கினாள். அந்தக் காலத்தில் இங்கிலாந்தில் பல ஊர்களில் பீங்கான் செய்தார்கள். சீனாவைப் போலச் செய்யும் களிமண் அவர்களிடம் இல்லை. கண்ணாடித் தூளையும் எலும்புச் சாம்பலையும் கலந்து பார்த்தார்கள். பார்க்க அழகாக வந்தது. ஆனால் கொதிக்கும் தேநீரை ஊற்றியதும் பல கூஜாக்கள் வாய் பிளந்தன. வூஸ்டர்க்காரர்கள் மட்டும் கார்ன்வால் பக்கத்திலிருந்து ஒரு கல்லைக் கொண்டுவந்து அரைத்துச் சேர்த்தார்கள். வெந்நீருக்கு அசையாத பாத்திரம் என்று அதை வைத்தே பேர் வாங்கினார்கள்.

பேசிக்கொண்டே மாமியாரின் முகத்தைப் பார்த்தாள். மீனாம்பாள் ஒவ்வொரு சொல்லுக்கும் தலையாட்டிக்கொண்டிருந்தார். ஒன்றும் புரியாதவர் ஆட்டும் தலை. தனக்காகப் பட்டுக் கட்டிக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்திருப்பவரை அப்படியே விடுவது நிரூபாவுக்குச் சரியாகப் படவில்லை. "ஒரு நிமிடம், என் மாமியாருக்குச் சொல்லிவிடுகிறேன்," என்று கூட்டத்திடம் கேட்டுக்கொண்டு தமிழில் சொன்னாள்:

"மாமி, இதுக்குள்ளை ஒரு கல்லை அரைச்சுப் போட்டிருக்கினம். அதாலைதான் சுடுதண்ணி ஊத்தினாலும் வெடிக்காது. அதைத்தான் சொல்லுறன்."

"என்ன கல்லு?"

"தமிழிலை என்ன எண்டு எனக்குத் தெரியேல்லை. வழுவழு எண்டு சோப்பு மாதிரி இருக்கும். நகத்தாலை கீறினால் மாவு மாவா வரும்."

மீனாம்பாளின் தலையாட்டல் நின்றது.

"மாக்கல்லா?"

"எனக்குத் தெரியாது, மாமி."

"உனக்குத் தெரியாட்டா எனக்குத் தெரியும். சாம்பல் நிறமா, தொட்டா மெழுகு மாதிரி? கல்சட்டி செய்யற மாக்கல்லுடி அது! எங்க வீட்டுல வத்தக்குழம்பு அதுலதான். அடுப்பை அணைச்ச பிறகும் கொதிச்சுக்கிட்டே இருக்கும்." குரல் ஏறியது. "இந்தப் பால் ஜாடிக்குள்ள மாக்கல்லா? அதை என்கிட்ட ஏன் முன்னாடியே சொல்லலை? அப்புறம் எதுக்கு நீ நேத்து பூராவும் சுடுதண்ணிக்குப் பயந்துகிட்டு நகப்பூச்சுத் தண்ணியை வச்சுத் தேய்ச்சே?"

நிரூபா ஜாடியின் சாம்பல் திட்டைப் பார்த்தாள்.

பன்னிரண்டு வருடமாகப் புத்தகங்களில் அந்தக் கல்லின் ஆங்கிலப் பெயரைப் படித்திருக்கிறாள். அதன் வேதிப்பெயரும் தெரியும். அது ஒரு குடும்பத்தின் அடுப்பில் வருடக்கணக்காக ஏறி இறங்கிய பொருள் என்று தெரியாது. வெந்நீரைத் தாங்கும் என்று சற்றுமுன் இருபது பேரிடம் சொன்னவள், வெந்நீருக்குப் பயந்து வீட்டில் பஞ்சை வைத்துத் தேய்த்திருக்கிறாள். சொல்வதை அவளே நம்பவில்லை என்றால் கிரேம் ஏன் நம்ப வேண்டும்?

"கிரேம்," என்றாள். "இங்கே சமையலறையில் வெந்நீர் இருக்கிறதா?"

"தேநீருக்கு ஓர் அண்டா கொதிக்கிறது. ஏன்?"

"அடைப்பை இளக்கி எடுக்கப் போகிறேன். இங்கேயே. உங்கள் எல்லார் முன்னாலும்."

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. கிரேம் எழுந்தே விட்டார். "வேண்டாம். நகலாக இருந்தாலும் அழகான பொருள். நானே இப்படி ஒரு பழைய கோப்பையை வெந்நீரில் போட்டு இழந்திருக்கிறேன். இரண்டாகப் பிளந்தது. அந்தச் சத்தம் இன்னும் காதில் இருக்கிறது."

"அது எந்தத் தொழிற்சாலை?"

"டார்பி."

"டார்பி பிளக்கும்," என்றாள் நிரூபா. "வூஸ்டர் பிளக்காது."

சுதர்சன் பின்வரிசையிலிருந்து எழுந்து வந்து, "நிரு, உறுதியா?" என்றான் மெதுவாக.

"என்ரை கண்ணை நம்புறியளா இல்லையா?"

"உன் கண்ணை நம்பித்தானே என் அம்மா சம்மதிக்காத கல்யாணத்தைப் பண்ணிக்கிட்டேன்."

"டேய்!" என்றார் மீனாம்பாள். "எனக்குக் காது கேக்கும்."

நிரூபா ஜாடியின் விளிம்பை விரல் நகத்தால் சுண்டினாள். மணி மாதிரி ஒலித்தது. வேறு விரிசல் இல்லை. சமையலறையிலிருந்து சுதர்சன் ஒரு பிளாஸ்டிக் பேசினையும் வெந்நீர்க் குவளையையும் கொண்டுவந்தான். அடியில் துணி விரித்து, வெதுவெதுப்பான நீரில் ஜாடியை இறக்கினாள். எல்லாரும் கதிரைகளை விட்டு எழுந்து மேசையைச் சுற்றி நின்றார்கள்.

"ஒரேயடியா ஊத்தாதே," என்றார் மீனாம்பாள்.

"தெரியும் மாமி. கொஞ்சம் கொஞ்சமாத்தான்."

ஐந்து நிமிடத்துக்கு ஒரு தரம் அரைக் குவளை. ஓரமாக, ஜாடியின் மேல் படாமல். நீர் சூடேறச் சூடேற நீலம் இன்னும் ஆழமாகத் தெரிந்தது. யாரும் தேநீருக்குப் போகவில்லை. நாலாவது குவளையின்போது பேசினுக்குள் 'டிக்' என்று ஒரு சின்னச் சத்தம் கேட்டது. கிரேம் கண்ணை மூடிக்கொண்டார்.

மீனாம்பாள் வளையலை மேலே தள்ளிவிட்டு, ஆவி பறக்கும் நீருக்குள் கையை விட்டுத் தடவினார். வேறு யாராக இருந்தாலும் கையை உதறியிருப்பார்கள்.

"ஜாடிக்கு ஒண்ணுமில்லை. எம்-சீல் விளிம்பை விட்டு வருது. எடு வெளியே."

துணியில் ஏந்தி எடுத்தாள் நிரூபா. கட்டியின் ஓரம் ரப்பர் மாதிரி நெகிழ்ந்திருந்தது. கிரேம் தன் பையிலிருந்து பல் வைத்தியர்கள் வைத்திருக்கும் வளைந்த ஊசி ஒன்றை எடுத்து நீட்டுவதற்குள், மீனாம்பாள் வளையலில் மாட்டியிருந்த ஊக்கைக் கழற்றி விரித்துவிட்டார்.

"நான் வச்சது. நானே எடுக்கறேன். நீ கெட்டியாப் பிடிச்சுக்கோ."

ஊக்கின் முனை ஓரத்தில் நுழைந்தது. பூச்சில் படவில்லை. அவர் அதை நெம்பவில்லை, பலாச்சுளையைப் பிரிப்பது போல மெல்லச் சுழற்றினார். சாம்பல் கட்டி அப்படியே கழன்று பச்சை விரிப்பில் விழுந்தது. ஓர் ஓரத்தில் மட்டும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது. பரவாயில்லை. மீதி முகம் திறந்திருந்தது.

நிரூபா அதைப் பார்க்கவில்லை. ஜாடியை நேராகக் கிரேமிடம் நீட்டினாள்.

அவர் பூதக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு சன்னல் பக்கம் போனார். திருப்பித் திருப்பிப் பார்த்தார். விரல் நுனியால் தொட்டார். மறுபடி பார்த்தார். மீனாம்பாள் மருமகளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். அவர் கை சூடாகச் சிவந்திருந்தது.

கிரேம் திரும்பி வந்தார். நிரூபாவிடம் பேசாமல், கூட்டத்தைப் பார்த்து நின்றார்.

"போன மாதம் நான் உங்கள் எல்லாருக்கும் ஒரு கடிதம் எழுதினேன்," என்றார். "எல்லாருக்கும் எழுதியதால் எல்லார் முன்னாலும் சொல்கிறேன். நான் சொன்னது தப்பு. பளபளப்பே இல்லை. இது மென்பீங்கான். இது வூஸ்டர். நாற்பது வருடமாகப் பார்க்கிறேன், படத்தைப் பார்த்து முடிவு செய்யக் கூடாது என்று எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். இவர் பார்த்தது சரி."

கைதட்டல் பெரிதாக எழவில்லை, அந்த வட்டத்தில் அப்படி வழக்கமில்லை. ஆனால் ஒவ்வொருவராக வந்து ஜாடியை வாங்கி, உடைந்த இடத்தைப் பூதக்கண்ணாடியில் பார்த்தார்கள். முழுமையான கோப்பைகளைக் கொண்டு வந்திருந்தவர்கள்கூட. வூஸ்டரின் உள் உடம்பை இத்தனை வருடத்தில் தான் பார்த்ததே இல்லை என்று ஒரு பெண்மணி சொன்னார். அவரிடம் இருந்த எல்லாம் முழுசாக இருந்ததுதான் காரணம்.

"என்ன சொல்றாரு? என்ன சொல்றாரு?" என்று மீனாம்பாள் மகனின் கையை இடித்துக்கொண்டே இருந்தார்.

"நிரு சொன்னதுதான் சரின்னு சொல்றாரும்மா. தான் சொன்னது தப்புன்னு எல்லார் முன்னாடியும் ஒத்துக்கிட்டாரு."

மீனாம்பாள் முதுகை நிமிர்த்திக்கொண்டார். கிரேமை ஒரு முறை மேலும் கீழும் பார்த்தார். "நல்ல மனுஷன்," என்றார். "நம்ம சாதிசனத்துல எத்தனை ஆம்பளை இப்படி ஒத்துக்குவான்?"

கிரேம் பட்டியலைத் திறந்து கடைசி வரியில் எழுதத் தொடங்கினார். நிரூபாவின் பெயர், பொருளின் பெயர், காலம். பிறகு பேனாவை நிறுத்தினார். "கண்ணாடிப் பெட்டியில் வைக்கும்போது வழக்கமாகச் சேதம் சுவர்ப் பக்கம் இருக்கும்படி திருப்பி வைப்போம். பறவை இருக்கும் பக்கம் முன்னால் வரும். சம்மதமா?"

நிரூபா பதில் சொல்வதற்கு முன் மாமியாரைப் பார்த்தாள். "மாமி, உடைஞ்ச பக்கத்தைச் சுவர்ப் பக்கமாத் திருப்பி வைக்கலாமோ எண்டு கேக்கிறார்."

"சுவத்துப் பக்கமா?" மீனாம்பாளுக்குக் கோபமே வந்துவிட்டது. "இவ்வளவு நேரம் எல்லாரும் கண்ணாடியை மாட்டிக்கிட்டு எதைப் பாத்தாங்க? பறவையையா பாத்தாங்க? என் மருமக அதை வச்சுத்தானே ஜெயிச்சா!"

அவர் மேசையருகே வந்து, ஜாடியை இரண்டு கையாலும் எடுத்து, மூளி இருக்கும் பக்கம் கிரேமின் முகத்துக்கு நேரே வரும்படி திருப்பி வைத்தார். ஒரு விரலால் அதைத் தொட்டுக் காட்டினார்.

"ஃப்ரண்ட்," என்றார். "திஸ் ஃப்ரண்ட்."

கிரேம் நிரூபாவைப் பார்த்தார்.

"ஓம்," என்றாள் நிரூபா. பிறகு அவருக்குப் புரியும்படி ஆங்கிலத்திலும் சொன்னாள். "அவர் சொன்னபடியே எழுதுங்கள்."

கிரேம் எழுதினார்.